போர்முனையிலிருந்து ஒரு படம்: யாரிடம் கேட்பது, எதைக் காட்டுவது?

போர் நடக்கும் மண்ணிலிருந்து, "வந்து தடுங்கள்" என்று உலக நாடுகளைக் கேட்கும் ஆவணப்படங்கள் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளும் அவற்றுக்கான பதில்களும்.

ஆவணப்படம் எடுத்து எந்தப் போராவது நின்றிருக்கிறதா? உணர்ச்சிவசப்படாமல் சொல்லுங்கள். – வாசகர், மதுரை

படம் திரையிட்ட மறுநாளே பீரங்கி ஓய்ந்தது என்று காட்ட ஓர் உதாரணமும் இல்லை. ஆனால் அந்தக் காட்சிகள் மட்டும் வெளியே வராமல் போயிருந்தால் நடந்திருக்குமா என்று கேட்க வைக்கிற ஒரு தலையீடு உண்டு. அது தென்கிழக்கு ஆசியாவின் கிழக்குத் திமோர்.

1975 டிசம்பரில் இந்தோனேசியப் படை அங்கே புகுந்தது. அடுத்த 16 ஆண்டுகள் வெளியுலகுக்குக் கிடைத்ததெல்லாம் பெரும்பாலும் வாய்வழிச் செய்திதான். 1991 நவம்பர் 12 அன்று தலைநகர் டிலியில், மோத்தாயேல் தேவாலயத்தில் பூசை முடிந்து, கொல்லப்பட்ட ஓர் இளைஞனின் கல்லறைக்கு மக்கள் ஊர்வலமாகப் போனார்கள். சாந்தா குரூஸ் கல்லறைத் தோட்டத்தில் ராணுவம் சுடத் தொடங்கியது. பிரிட்டிஷ் ஒளிப்பதிவாளர் மாக்ஸ் ஸ்டால் கல்லறைகளுக்கு நடுவே நின்று எடுத்துக்கொண்டிருந்தார். பிடிபடப்போகிறோம் என்று தெரிந்ததும், பதிவான டேப்புகளை அங்கேயே ஒரு புதுக் கல்லறை மண்ணுக்குள் புதைத்தார். கைதாகிப் பல மணி நேரம் விசாரிக்கப்பட்டார். விட்ட பிறகு இருட்டில் திரும்பிப்போய்த் தோண்டி எடுத்தார். ஒரு டச்சுப் பத்திரிகையாளர் அவற்றை நாட்டுக்கு வெளியே கொண்டுபோய்ச் சேர்த்தார். 1992 ஜனவரியில் பிரிட்டனின் யார்க்‌ஷயர் டெலிவிஷன் அதை முழு நிகழ்ச்சியாக ஒளிபரப்பியது.

அந்தப் பதிவில் படத்தைவிடச் சத்தம் அதிக வேலை செய்தது. துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவே, கல்லறைத் தோட்டத்துச் சிற்றாலயத்தில் ஒண்டியவர்கள் போர்ச்சுகீசிய மொழியில் ஜெபம் சொல்வது கேட்கிறது. தங்கள் பழைய காலனியில், தங்கள் மொழியில் ஜெபித்துக்கொண்டே சாகிறார்கள் என்பதைப் போர்ச்சுகல் மக்கள் தங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் கேட்டார்கள். அதற்குப் பிறகு லிஸ்பன் இந்த விஷயத்தை ஐரோப்பாவிலும் ஐ.நா.விலும் விடவே இல்லை. இந்தோனேசியா முதலில் சொன்ன சாவுக் கணக்கு 19, பிறகு சுமார் 50. திமோர் மக்கள் பெயர் பெயராகத் தொகுத்த பட்டியல் 270-ஐத் தாண்டியது. 1992-இல் அமெரிக்க நாடாளுமன்றம் இந்தோனேசிய ராணுவத்துக்கான பயிற்சி நிதியை நிறுத்தியது. ஐ.நா. நடத்திய 1999 ஆகஸ்ட் 30 வாக்கெடுப்பில் 78.5 சதவீதம் பேர் விடுதலைப் பக்கம் நின்றார்கள். இந்தோனேசிய ஆதரவு ஆயுதக் கும்பல்கள் ஊர்களைக் கொளுத்தின. செப்டம்பர் 15-இல் ஐ.நா. பாதுகாப்பு அவையின் 1264-ஆம் தீர்மானம் வந்தது. செப்டம்பர் 20-இல் ஆஸ்திரேலியா தலைமையிலான படை டிலியில் இறங்கியது. டேப்பைப் புதைத்த நாளுக்கும் படை இறங்கிய நாளுக்கும் நடுவே ஏழு ஆண்டு, பத்து மாதம்.

இதற்கு நேர் எதிரானது ருவாண்டா. டூட்ஸி இன மக்களின் படுகொலை நடந்த 1994 ஏப்ரலில், தலைநகர் கிகாலியில், பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தின் உச்சியிலிருந்து, தெருவில் பெண்களை அடித்துக் கொல்வதை பிரிட்டிஷ் ஒளிப்பதிவாளர் நிக் ஹியூஸ் எடுத்தார். காட்சி வெளியே வந்தது. ஏப்ரல் 21-இல் பாதுகாப்பு அவை செய்தது என்ன தெரியுமா? அங்கிருந்த ஐ.நா. படையை 270 பேராகக் குறைத்தது. டிலியின் காட்சிகளைத் தன் சொந்தத் துக்கமாக எடுத்துக்கொள்ள ஒரு நாடு இருந்தது. கிகாலிக்கு அப்படி எந்த நாடும் இல்லை. அந்தப் பதிவு பின்னாளில் தான்சானியாவின் அருஷாவில், ருவாண்டாவுக்கான சர்வதேசத் தீர்ப்பாய விசாரணையில்தான் பயன்பட்டது.

படத்தின் கடைசியில் 'சர்வதேசச் சமூகமே, தலையிடு' என்று எழுத்துப் போட்டால் போதாதா? – விஸ்காம் மாணவி, திருச்சி

போதாது. 'சர்வதேசச் சமூகம்' என்ற பெயரில் ஓர் அலுவலகமும் இல்லை, அங்கே தபாலை வாங்கவும் ஆள் இல்லை. தலையீடு என்ற ஒரே சொல்லுக்குள் பல கோரிக்கைகள் அடங்கியிருக்கின்றன: உணவு லாரி போக வழி, ஆயுத விற்பனைத் தடை, தளபதிகளின் சொத்து முடக்கம், விசாரணைக் குழு, விமானம் பறக்கத் தடை, அமைதிப்படை. ஒவ்வொன்றும் வேறு வேறு கைகளில் இருக்கிறது.

படை, பறக்கத் தடை, எல்லா நாடுகளையும் கட்டுப்படுத்தும் ஆயுதத் தடை ஆகியவற்றுக்குப் பாதுகாப்பு அவைக்குப் போக வேண்டும். 15 உறுப்பினர், 9 வாக்கு தேவை, ஐந்து நிரந்தர உறுப்பினர்களில் ஒருவர் எதிர்த்தாலும் (அதுதான் வீட்டோ) கதை முடிந்தது. விசாரணைக் குழு கேட்பதென்றால் ஜெனீவாவில் மனித உரிமை மன்றம் இருக்கிறது. 47 நாடுகள், வீட்டோ கிடையாது, சாதாரணப் பெரும்பான்மை போதும், ஆண்டுக்கு மூன்று வழக்கமான அமர்வுகள். சிரியாவில் நடந்ததைப் பாருங்கள். 2011 அக்டோபரில் பாதுகாப்பு அவைத் தீர்மானம் வீட்டோவில் விழுந்தது. ஆனால் ஆகஸ்டிலேயே மனித உரிமை மன்றம் விசாரணை ஆணையத்தை அமைத்துவிட்டது. 2016 டிசம்பரில் சாட்சியம் திரட்டிக் காக்கும் தனி அமைப்பைப் பொதுச்சபையே உருவாக்கியது. ஆயுதம் விற்கும் நாடு எது என்று தெரிந்தால், அந்த நாட்டு நாடாளுமன்றக் குழுதான் உங்கள் முதல் பார்வையாளர். வெடித்த குண்டின் துண்டில் உள்ள தொழிற்சாலைக் குறியீட்டை நெருக்கத்தில், பக்கத்தில் ஓர் அளவுகோல் வைத்து எடுத்த பத்து விநாடி, அங்கே அரைமணி நேர அழுகையைவிட அதிகம் பேசும்.

யாரிடம் என்ன கேட்கிறோம் என்பது முடிவானால் நீளம் தானாக முடிவாகும். ஒரே படத்திலிருந்து மூன்று வெட்டுகள், அதாவது மூன்று நீளங்களில் எடிட் செய்த வடிவங்கள், தேவை. தொலைக்காட்சிக்கு 52 நிமிடம். ஜெனீவாவில் அமர்வை ஒட்டி நடக்கும் பக்க நிகழ்ச்சிக்கு 12 நிமிடம், ஐ.நா. ஆலோசனைத் தகுதி பெற்ற ஒரு தொண்டு நிறுவனம் உங்களுக்காக அறை கேட்க வேண்டும், கிடைப்பது பெரும்பாலும் ஒரு மணி நேரம், அதில் தூதர்கள் கேள்வி கேட்கவும் நேரம் விட வேண்டும். தனிச் சந்திப்பில் போனிலோ டேப்லெட்டிலோ காட்ட 3 நிமிடம். ஒரு வெட்டுக்கு ஒரே கோரிக்கை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பாதுகாப்பு அவை உறுப்பினர்கள் வெளியாட்களை முறைசாராமல் கேட்க 'அரியா' கூட்டம் என்றொரு வழியும் உண்டு. 1992-இல் போஸ்னியாவிலிருந்து வந்த ஒரு பாதிரியாரைக் கேட்பதற்காக வெனிசுவேலத் தூதர் தியேகோ அரியா தொடங்கிவைத்தது. ஏதாவதொரு உறுப்பு நாடு கூட்டினால் போதும். படத்தோடு ஒரே பக்கத்தில் ஒரு தாள் கொடுங்கள்: ஒவ்வொரு காட்சியும் எங்கே, எந்தத் தேதி, யார் எடுத்தது, உங்கள் கோரிக்கை என்ன. படத்தை மறந்துவிட்ட அதிகாரியின் மேசையில் அந்தத் தாள் கிடக்கும். சப்டைட்டிலை ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் முதலில் முடியுங்கள்; மற்ற நான்கு ஐ.நா. மொழிகள் பிறகு.

கையில் ஒரு போன் மட்டும்தான். எப்படி எடுத்தால் சாட்சியமாக நிற்கும்? – வாசகர், கோயம்புத்தூர்

போன் போதும். கெட்டுப்போவது கேமராவால் அல்ல, அவசரத்தால்தான். எல்லோரும் செய்யும் முதல் தவறு, காயத்துக்கு நேராகப் போனைக் கொண்டுபோவது. பின்னால் பார்ப்பவருக்கு அது எந்த ஊர் ரத்தம் என்று தெரியாது.

எடுக்கத் தொடங்கும் முன் போனின் தேதி, நேரம், நேர மண்டலம் சரியா என்று பாருங்கள். லென்ஸைத் துடையுங்கள். ஏர்பிளேன் மோடில் போடுங்கள். பேட்டரியும் மிச்சம், நடுவில் அழைப்பு வந்து பதிவும் நிற்காது. போனைப் படுக்கை வாட்டில் பிடியுங்கள். பதிவு ஓடத் தொடங்கியதும் இடம், தேதி, நேரத்தை வாயால் சொல்லுங்கள். உங்கள் குரல் வெளியே போகக்கூடாது என்றால் ஒரு தாளில் எழுதிக் காட்டுங்கள். முதலில் தூரத்திலிருந்து முழுக் காட்சி. நின்ற இடத்திலேயே மெதுவாக ஒரு முழுச் சுற்று, முப்பது விநாடிக்குக் குறையாமல். அந்தச் சுற்றில் தண்ணீர்த் தொட்டி, கோபுரம், மினாரெட், மலை விளிம்பு, கடைப்பலகை, மின்கம்பம் எல்லாம் வந்துவிடும். செயற்கைக்கோள் படத்தோடு ஒப்பிட்டு இடத்தை உறுதிசெய்பவர்கள் தேடுவது இவற்றைத்தான். தரையில் விழும் நிழலையும் விடாதீர்கள். தேதி தெரிந்தால் நிழலின் திசையும் நீளமும் நேரத்தைச் சொல்லிவிடும்.

பிறகு நடுத்தூரம், அதன்பின் நெருக்கம். ஒவ்வொரு ஷாட்டையும் பத்து விநாடி அசையாமல் நிறுத்துங்கள். ஜூம் வேண்டாம், நடந்து போங்கள். ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்குப் போகும்போது பதிவை நிறுத்தாமல் எடுத்துக்கொண்டே போனால், 'இது அங்கே எடுத்தது இல்லை' என்ற வாதத்துக்கு இடமிருக்காது. குண்டு விழும் வெளிச்சம் தெரிந்தால் சத்தம் வரும்வரை நகராமல் இருங்கள்: காற்றில் ஒலி விநாடிக்குச் சுமார் 340 மீட்டர் போகிறது, ஆக மூன்று விநாடி இடைவெளி என்றால் ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர். இரண்டு வெவ்வேறு இடங்களிலிருந்து எடுத்த பதிவுகள் இருந்தால் வெடித்த புள்ளியையே கணக்கிடலாம். அந்த நேரத்தில் பக்கத்தில் யாரும் பேசாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

அன்று இரவே வேலையை முடிக்க வேண்டும். மூலக் கோப்பைத் திறந்து வெட்டாதீர்கள், பெயரைக்கூட மாற்றாதீர்கள். எஸ்.எச்.ஏ-256 என்ற கணக்கீட்டை அந்தக் கோப்பின்மேல் ஓட்டினால் 64 எழுத்து நீளத்தில் ஒரு சரம் வரும். கோப்பில் ஒரு பிட் மாறினாலும் சரம் மாறிவிடும். அதைக் கையால் ஒரு நோட்டில் எழுதி, யார் எடுத்தது, எப்போது, எந்தக் கருவி, யார் கைக்குப் போனது என்று வரிசையாகக் குறியுங்கள். மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனத்தில், ஒன்று வேறு ஊரில் அல்லது வேறு நாட்டில்.

திரையிலேயே தேதி, நேரம் பதியும் ஆப் இருக்கிறதே, அதைப் பயன்படுத்தலாமா? – வாசகர், சேலம்

வேண்டாம். மூலப் படத்தின்மேல் எழுத்தைப் பொறிப்பது படத்தையே மாற்றுவது. யார் வேண்டுமானாலும் எந்தத் தேதியையும் பொறிக்கலாம் என்பதால் அதற்கு மதிப்பும் இல்லை. சர்வதேச வழக்கறிஞர் சங்கம் 2015-இல் வெளியிட்ட 'ஐவிட்னஸ்' போன்ற ஆப்கள் இடம், நேரத் தகவல்களைப் படத்துக்கு வெளியே தனியாகச் சேர்த்துப் பூட்டி அனுப்புகின்றன. அதுவே சரியான முறை.

எவ்வளவு தெளிவாக எடுத்தாலும் 'போலி' என்று ஓர் அரசு சொல்லிவிடுகிறதே? – வாசகர், யாழ்ப்பாணம்

சொல்லத்தான் செய்வார்கள். படம் எடுக்கும் நாளிலேயே அந்த வாதத்துக்குத் தயாராகிவிட வேண்டும்.

உங்களுக்குத் தெரிந்த உதாரணத்திலிருந்தே தொடங்கலாம். கண்ணும் கையும் கட்டப்பட்டவர்களைச் சுடும் கைபேசிக் காட்சியை 2009 ஆகஸ்டில் பிரிட்டனின் சேனல் 4 ஒளிபரப்பியபோது, இலங்கை அரசு தன் நிபுணர்களை வைத்து அது போலி என்றது. சட்டத்துக்குப் புறம்பான கொலைகள் பற்றிய ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன் மூன்று துறை நிபுணர்களிடம் அதைக் கொடுத்தார்: தடயவியல் மருத்துவர், துப்பாக்கி நிபுணர், வீடியோ ஆய்வாளர். சுடும்போது ஆயுதம் பின்வாங்குவது, உடல் விழும் விதம், கோப்பின் உட்கட்டமைப்பு என ஒவ்வொன்றையும் அந்தந்தத் துறைக்காரர் பார்த்தார். காட்சி உண்மையானது என்பதற்கே சான்று வலுவாக இருப்பதாக 2010 ஜனவரியில் ஆல்ஸ்டன் அறிவித்தார். விளக்கம் கிடைக்காத ஒரு சில அம்சங்கள் உண்டு என்பதையும் அவரே சேர்த்து எழுதினார். கவனிக்க வேண்டியது அந்தக் கடைசி விஷயத்தை. உங்கள் காட்சியில் உள்ள ஓட்டையை நீங்களே முதலில் சொல்லிவிட்டால், எதிரி அதைக் 'கண்டுபிடிக்க' முடியாது.

போஸ்னியாவில் 1992 ஆகஸ்டில் த்ர்னொபொல்யே முகாமில் கம்பிவேலிக்குப் பின்னால் எலும்பும் தோலுமாக நின்றவர்களை பிரிட்டிஷ் தொலைக்காட்சிச் செய்தி நிறுவனமான ஐ.டி.என். குழு எடுத்தது. அந்த மாதமே ஐ.நா. மனித உரிமை ஆணையம் தன் வரலாற்றில் முதல்முறையாகச் சிறப்பு அமர்வு கூட்டியது. சில ஆண்டுகள் கழித்து, அந்தக் காட்சி திரித்து எடுக்கப்பட்டது என்று ஒரு பிரிட்டிஷ் பத்திரிகை எழுத, அவதூறு வழக்கு நடந்தது. 2000 மார்ச்சில் ஐ.டி.என். வென்றது. ஒளிபரப்பான சில நிமிடங்களோடு, எடிட் செய்யாத முழு மூலப் பதிவுகளும் (ரஷ்) பத்திரமாகக் கையில் இருந்தது பெரிய பலம். 'தேவையில்லாத' ரஷ்களை இடம் அடைக்கிறது என்று அழிப்பவர்கள் இதை நினைத்துக்கொள்ள வேண்டும்.

உக்ரைனின் மரியுபோலில் 2022 மார்ச் 9 அன்று மகப்பேறு மருத்துவமனை தாக்கப்பட்டபோது, படத்தில் இருந்த கர்ப்பிணி 'நடிகை' என்று ரஷ்யத் தரப்பு சொன்னது. ஏ.பி. செய்தி நிறுவனக் குழு இரண்டு நாளில் அதே பெண்ணை இன்னொரு மருத்துவமனையில் பிறந்த குழந்தையோடு எடுத்தது. சம்பவத்தை எடுத்தால் போதாது. அதில் வருபவருக்கு அடுத்த நாளும் அடுத்த வாரமும் என்ன ஆனது என்று பின்தொடர்ந்து எடுங்கள்.

இன்னொன்று. 1945 நவம்பர் 29 அன்று நியூரம்பர்க் நீதிமன்றத்தில் வதைமுகாம் படம் காட்டப்பட்டபோது, அதன் தொடக்கத்திலேயே, காட்சிகள் எந்த விதத்திலும் மாற்றப்படவில்லை என்ற பிரமாண வாக்குமூலங்கள் திரையில் வந்தன. எண்பது ஆண்டு கழித்தும் இதைவிட நல்ல தொடக்கம் கிடையாது. எடுத்தவரின் கையெழுத்துப் போட்ட வாக்குமூலத்தை, வெளியிட முடியாவிட்டாலும், வாங்கிப் பூட்டி வையுங்கள்.

இணையம் துண்டிக்கப்பட்ட ஊரிலிருந்து எப்படி அனுப்புவது? – வாசகி, புதுச்சேரி

முதலில் கணக்கு. 1080பி தரத்தில், எச்.இ.வி.சி. என்ற சுருக்க முறையில், ஒரு நிமிடக் காட்சி சுமார் 60 எம்.பி. வரும், 4கே என்றால் சுமார் 170 எம்.பி. பதிவேற்ற வேகம் விநாடிக்கு 1 மெகாபிட் என்றால் முதலாவதுக்கு 8 நிமிடம், இரண்டாவதுக்கு ஏறக்குறைய 23 நிமிடம். நடுவில் அறுந்தால் முதலிலிருந்து. ஆகவே போர்ப்பகுதியில் 1080பி-யே போதும். 4கே பெருமை மெமரி கார்டை நிரப்பும், வேறொன்றும் செய்யாது.

அனுப்ப வேண்டியது 20 முதல் 40 விநாடித் துண்டுகள்தான். படத்தை மறுபடி சுருக்காமல் (மறுஎன்கோடு செய்யாமல்) அப்படியே துண்டாக்கும் மென்பொருள் (எஃப்எஃப்எம்பெக் இலவசம்) வைத்துக்கொள்ளுங்கள். மரியுபோல் மருத்துவமனைக் காட்சியை மூன்று துண்டாக்கி மூன்று போன்களில் ஒரே நேரத்தில் ஏற்றினார்கள். அப்படியும் ஊரடங்கு நேரம் தாண்டிப் பல மணி நேரம் பிடித்தது. வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் அது சுருங்கிவிடும், உள்ளிருக்கும் தகவல்களும் போய்விடும். 'டாக்குமென்ட்' என்று இணைத்து அனுப்புங்கள். மூலக் கார்டு என்றாவது ஒருநாள் ஆள் மூலம்தான் வெளியே வரும். ஒரே ஆளிடம் எல்லாக் கார்டையும் கொடுக்காதீர்கள்.

செயற்கைக்கோள் கருவி இருந்தால் அதிகக் கவனம் வேண்டும். அது அனுப்பும் அலையை வைத்தே இடத்தைப் பிடிக்க முடியும். தங்கும் வீட்டிலிருந்தோ மருத்துவமனைக் கூரையிலிருந்தோ ஒருபோதும் இயக்காதீர்கள். வேறிடம் போய், கோப்புகளை முன்கூட்டியே வரிசைப்படுத்தி, இயக்கி, அனுப்பி, அணைத்து, உடனே கிளம்புங்கள். நிலத்தடி மருத்துவமனையின் வாசல், உணவுக் கிடங்கு, மக்கள் ஒளிந்திருக்கும் பள்ளி ஆகியவற்றின் காட்சியை, அங்கே ஆள் இருக்கும்வரை வெளியிடவே கூடாது. மேலே சொன்ன அதே இட ஒப்பீட்டு வித்தை குண்டு போடுபவருக்கும் தெரியும்.

பாதிக்கப்பட்டவர்களைப் பேச வைக்கும்போது என்ன தவறு நடக்கிறது? – ஆசிரியை, தஞ்சாவூர்

பல தவறுகள், பெரும்பாலும் நல்ல எண்ணத்தோடு.

சம்மதம் கேட்பதையும் பதிவுசெய்ய வேண்டும், அவர்களுடைய மொழியில், அவசரமில்லாமல். 'உலகம் பார்க்கும்' என்று சொன்னால் போதாது. "உங்களைத் தேடுபவரும் இதைப் பார்ப்பார்" என்று சொல்ல வேண்டும். எந்தத் தேதிவரை பின்வாங்கலாம் என்பதையும் சொல்லுங்கள். பெயருள்ள சம்மதப் பதிவைப் பேட்டி இருக்கும் கார்டில் வைக்காதீர்கள். பேட்டிக்கு ஓர் எண், பெயர்ப்பட்டியல் வேறிடத்தில்.

"அவர்கள்தானே சுட்டார்கள்?" என்று கேட்காதீர்கள். "அன்று காலை எழுந்ததிலிருந்து சொல்லுங்கள்" என்று தொடங்கி, வாயை மூடிக்கொண்டு கேளுங்கள். ஒவ்வொரு இடத்திலும் கண்ணால் பார்த்ததா, பிறர் சொல்லிக் கேட்டதா என்று பிரித்துக்கொள்ளுங்கள். ஒரே பெண்ணை எட்டுப் படக்குழு எட்டு முறை சொல்ல வைத்தால், எட்டிலும் சிறு சிறு வேறுபாடு வரும். மனித நினைவு அப்படித்தான். நாளை நீதிமன்றத்தில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அந்த எட்டையும் அடுத்தடுத்து ஓட்டிக் காட்டுவார். ஏற்கெனவே முறையான வாக்குமூலம் கொடுத்தவரிடம் சம்பவத்தை மறுபடி கேட்காதீர்கள். இன்றைய வாழ்க்கையைக் கேளுங்கள். பாலியல் வன்முறையிலிருந்து தப்பியவர்கள் விஷயத்தில் 2022-இல் வந்த முராத் நெறிமுறையைப் படிக்காமல் கேமராவைத் திறக்கவே வேண்டாம்.

முகம் மறைப்பதில்தான் பேராபத்து. ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார வைத்து, முகம் கறுப்பாகத் தெரிகிறது என்று நம்பிவிடுகிறோம். இன்றைய கேமராக்கள் இருட்டிலும் விவரத்தைச் சேர்த்து வைக்கின்றன; எடிட்டில் வெளிச்சத்தை ஏற்றினால் முகம் வந்துவிடும். எடுத்த இடத்திலேயே ஏற்றிப் பாருங்கள். வந்தால், கேமராவைத் திருப்பிக் கைகளை மட்டும் எடுங்கள், அப்போதும் மோதிரம், தழும்பு, பச்சை குத்தியது தெரியக்கூடாது. மொசைக் போடுவதைவிட ஒரே நிறத்தால் முழுதாக மூடுவது நல்லது. குரலின் சுருதியை மாற்றினால் திரும்ப மாற்றிவிட முடியும். இன்னொருவரைக் கொண்டு பேச வையுங்கள்.

போர்க் கைதிகளை எடுப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: மூன்றாம் ஜெனீவா ஒப்பந்தத்தின் 13-ஆம் பிரிவு அவர்களை அவமதிப்பிலிருந்தும் பொதுமக்களின் வேடிக்கைப் பார்வையிலிருந்தும் காக்கச் சொல்கிறது. உங்கள் பக்கம் பிடித்த கைதியின் முகத்தைக் காட்டினால், உங்கள் படமே குற்றச்சாட்டுக்கு ஆதாரமாகும்.

பார்ப்பவர் மனம் உருக வேண்டாமா? இசை, குண்டுச் சத்தம், நடித்துக் காட்டல் எதுவும் கூடாதா? – உதவி இயக்குநர், சென்னை

உருகட்டும், ஆனால் உண்மையால் உருகட்டும். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் ஆயுதத் தடையை அமெரிக்கா நீக்க வேண்டும் என்ற எண்ணத்தோடு டச்சு இயக்குநர் யோரிஸ் இவன்ஸ் எடுத்த படம், 1937 ஜூலை 8 அன்று வெள்ளை மாளிகையில் அதிபர் ரூஸ்வெல்ட்டுக்கே காட்டப்பட்டது. ஹெமிங்வேயின் குரல், ஒரு கிராமம் தன் வறண்ட நிலத்துக்குத் தண்ணீர் கொண்டுவரும் அழகான இழை, ஸ்டுடியோவில் சேர்த்த சத்தங்கள் எல்லாம் அதில் உண்டு. கலையாக இன்றும் நிற்கிறது. ஆயுதத் தடை நீங்கவில்லை. அந்தக் காலத்தில் சத்தத்தோடு களத்தில் எடுப்பது மிகக் கடினம் என்பதால் அது ஏற்கப்பட்டது. இன்று சத்தமில்லாத டிரோன் காட்சியின்மேல் நூலகத்து வெடிச்சத்தத்தை ஒட்டினால், ஒலி ஆய்வாளர் ஒருவர் பத்து நிமிடத்தில் பிடித்துவிடுவார். அதன்பின் படத்தின் மற்ற 51 நிமிடத்தையும் யாரும் நம்பமாட்டார்கள். தூதர்களுக்கான 12 நிமிட வெட்டில் இசையே வேண்டாம்.

நடித்துக் காட்டினால் முழு நேரமும் திரையில் அப்படி எழுதுங்கள். 2014 நவம்பரில், குண்டுமழைக்கு நடுவே ஒரு சிரியச் சிறுவன் சிறுமியைக் காப்பாற்றும் வீடியோ உலகெங்கும் பரவியது. நார்வே இயக்குநர் ஒருவர் மால்டாவில் நடிகர்களை வைத்து எடுத்தது. கவனத்தை ஈர்க்கத்தான் செய்தேன் என்றார். அந்த வாரம் உயிரைப் பணயம் வைத்து அலெப்போவிலிருந்து அனுப்பிய உண்மையான பதிவுகள்மீது அந்தச் சந்தேகம் விழுந்தது.

அதைவிட மோசமானது 1990 அக்டோபர் 10. அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர்கள் முன் பதினைந்து வயதுப் பெண் ஒருத்தி, குவைத் மருத்துவமனையில் ஈராக் வீரர்கள் குறைமாதக் குழந்தைகளை இன்குபேட்டரிலிருந்து எடுத்துத் தரையில் போட்டதைக் கண்ணால் பார்த்ததாக அழுதாள். ஒரு மக்கள் தொடர்பு நிறுவனம் அதைப் படமாக்கித் தொலைக்காட்சிகளுக்குக் கொடுத்தது. போருக்குப் போகலாமா என்ற விவாதத்தில் அது திரும்பத் திரும்ப எடுத்துச் சொல்லப்பட்டது. பிறகுதான் அவள் அமெரிக்காவுக்கான குவைத் தூதரின் மகள் என்பதும், அந்தச் சாட்சியத்துக்கு ஆதாரம் இல்லை என்பதும் வெளியே வந்தன. இந்த வகைப் படம் எடுக்கும் ஒவ்வொருவரும் இதைத் தெரிந்திருக்க வேண்டும். தலையீடு என்றால் அங்கேயும் குண்டு விழும், அங்கேயும் ஆட்கள் சாவார்கள். பொய் சொல்லி அதைக் கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை.

இப்படிப்பட்ட படத்தைக் கல்லூரியில் திரையிட அனுமதி வேண்டுமா? – பேராசிரியர், திருநெல்வேலி

இந்தியாவில் பொதுத் திரையிடலுக்கு 1952 திரைப்படச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் தேவை; திரைப்பட விழாக்கள் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விலக்குக் கேட்கலாம். கல்லூரி நிர்வாகத்தின் எழுத்துபூர்வ ஒப்புதலை முன்பே வாங்கிக்கொள்ளுங்கள். வெளிநாட்டில் திரையிடுவோருக்கும் எச்சரிக்கை: இலங்கைப் போரின் கடைசி மாதங்களைப் பற்றிய 'நோ ஃபயர் ஸோன்' படத்தை 2013-இல் கோலாலம்பூரில் திரையிட்ட ஒரு செயற்பாட்டாளர், தணிக்கைச் சட்டத்தின்கீழ் நான்கு ஆண்டு வழக்காடி, 2017-இல் 10,000 ரிங்கிட் அபராதம் கட்ட வேண்டிவந்தது.

படம் முடிந்த பிறகு ரஷ்களை என்ன செய்வது? யூடியூபில் போட்டுவைத்தால் போதுமா? – வாசகர், ஈரோடு

யூடியூபை நம்பாதீர்கள். 2017 ஆகஸ்டில், தீவிரவாத வீடியோக்களைத் தானாக நீக்கும் முறை அங்கே வந்தபோது, சிரியப் போர்க்குற்றங்களின் பதிவுகள் பெருமளவில் மறைந்தன. ஏற்றியவர்களில் சிலர் அதற்குள் இறந்திருந்தார்கள்; மூலக் கோப்பு வேறெங்கும் இல்லை.

ரஷ்களைப் பாதுகாக்க இரண்டு ஹார்டு டிஸ்க், முடிந்தால் ஒரு எல்.டி.ஓ. டேப் (நீண்டகாலச் சேமிப்புக்கான காந்த நாடா). ஹார்டு டிஸ்கை அலமாரியில் போட்டுப் பத்து ஆண்டு மறந்துவிட்டால், எடுக்கும்போது ஓடாமல் போகலாம். ஆறு மாதத்துக்கு ஒருமுறை இயக்கி, 64 எழுத்துச் சரத்தை மறுபடி கணக்கிட்டு நோட்டோடு ஒப்பிடுங்கள். ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை புது டிஸ்குக்கு மாற்றுங்கள். யார் கேட்டால் எந்தப் பகுதியைக் கொடுக்கலாம், முகம் மறைத்தா மறைக்காமலா என்பதையும் எழுதி அதே பெட்டியில் வையுங்கள். நீங்கள் இல்லாத காலத்தில் அதைத் திறப்பவர் உங்களைக் கேட்க முடியாது.

மாக்ஸ் ஸ்டால் எடுத்த திமோர் பதிவுகள் இன்று டிலியிலேயே ஒரு காப்பகமாக இருக்கின்றன. 2013-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்ந்தன. போஸ்னியாவின் ஸ்ரெப்ரெனிட்சாவிலிருந்து பிடித்துக்கொண்டு போன ஆறு பேரை 1995-இல் கொன்ற 'ஸ்கார்ப்பியன்ஸ்' என்ற செர்பியப் படைப்பிரிவினர், அதைத் தாங்களே எடுத்து வைத்திருந்தார்கள். பின்னர் பிரதிகளை அழிக்கச் சொல்லி உத்தரவானது. ஒரே ஒரு பிரதி தப்பியது. மனித உரிமைச் செயற்பாட்டாளர் நதாஷா காண்டிச் அதைத் தேடிப்பிடித்தார். 2005 ஜூன் 1 அன்று ஹேக் நீதிமன்றத்தில், முன்னாள் செர்பிய அதிபர் மிலோசெவிச் மீதான வழக்கில் அது ஓட்டப்பட்டது. தொலைக்காட்சியில் அதைப் பார்த்துத்தான் சில குடும்பங்கள் தங்கள் பிள்ளையை அடையாளம் கண்டன.